ஆச்சி சொன்ன கதையும் மண் சொல்ற கதையும்

வெற்றிவேல் முருகனுக்கு அரோகரா!

இந்தப் பதிவு கொஞ்சம் நீளம். பஸ்ல போகும்போதோ, ராத்திரி படுக்கிறதுக்கு முன்னாடியோ நிதானமா படிங்க. அற்புதம், பரிகாரம், பலன் எதுவும் இதுல கிடையாது. ஒரு கேள்வி மட்டும் இருக்கு. என் சித்தி பையன் கேட்ட கேள்வி. ஒரு வருஷமா என் கூடவே வருது.

தைப்பூசத்துக்குப் பாளையங்கோட்டையில இருந்து திருச்செந்தூருக்கு நடந்து போறது எங்க வீட்டு வழக்கம். செய்துங்கநல்லூர், கருங்குளம் தாண்டினா ஸ்ரீவைகுண்டத்துக்கு முன்னாடி ரோட்டோரத்துல ஒரு மேட்டு நிலம் வரும். ஊர்க்காரங்க பரம்புன்னு சொல்லுவாங்க. அதுதான் ஆதிச்சநல்லூர். கிட்டத்தட்ட 114 ஏக்கர். அதுக்கு அடியில நம்ம முன்னோர்கள் தாழிகளுக்குள்ள உறங்கிட்டு இருக்காங்க.

போன வருஷம் அந்த இடத்துல ஒரு மரத்தடியில உக்காந்து கால் நீட்டியிருந்தோம். அப்போதான் தம்பி கேட்டான்.

"அண்ணே, நீங்க குரூப்ல ஒண்ணு அனுப்பினீங்கல்ல, அது உண்மையா?"

எனக்கு ஞாபகம் இருந்துச்சு. ‘ஆதிச்சநல்லூரில் 20,000 வருஷத்துக்கு முந்தைய முருகன் கோயில்! வேல் கிடைத்தது, சேவல் கிடைத்தது, அலகு குத்திய தங்கத் தகடு கிடைத்தது! வெளிநாட்டு விஞ்ஞானிகளே அதிர்ச்சி!’ படிச்சதும் உடம்பு சிலிர்த்துப் போய், ஆபீஸ் கேப்ல இருந்தே மூணு குரூப்புக்குத் தட்டிவிட்டேன். ஒரு நிமிஷம்கூட யோசிக்கலை.

"நான் அதைக் காலேஜ்ல சொன்னேன்ணே. ஒருத்தன் ஆதாரம் கேட்டான். தேடினா 20,000ங்கிற கணக்கு எங்கேயும் இல்லை. எல்லாரும் சிரிச்சுட்டாங்க. நீங்க அனுப்பினதாலதான் நான் நம்பினேன்."

நான் சமாளிக்கப் பார்த்தேன். அவன் விடலை. அடுத்ததா கேட்டதுதான் எனக்கு வலிச்சுது.

"அப்போ ஆச்சி சொன்ன தாழிக் கதையும் இப்படித்தானா? எல்லாமே ஃபார்வர்டுதானா?"

பதில் சொல்லாமலே எந்திரிச்சு நடந்தேன். திருச்செந்தூர் வரைக்கும் ரெண்டு பேரும் அதைப் பத்திப் பேசலை.

ஆச்சியோட கதை

நம்ம பக்கம் பாதிப் பேருக்கு இந்தக் கதை தெரிஞ்சிருக்கும். அந்தக் காலத்துல மனுஷங்களுக்குச் சாவே சீக்கிரம் வராதாம். வயசாக வயசாக உடம்பு சுருங்கிக்கிட்டே போய், கடைசியில ஒரு கைக்குழந்தை அளவுக்கு ஆயிடுவாங்களாம். உயிரும் போகாது, நடமாட்டமும் இருக்காது. அப்போ வீட்டுக்காரங்க பெரிய தாழி ஒண்ணு செஞ்சு, அதுக்குள்ள அவங்களை உக்கார வெச்சு, சின்னச் சின்னக் கலயத்துல தானியம், தண்ணி எல்லாம் வெச்சு, ஒரு விளக்கும் ஏத்தி, பரம்புல கொண்டுபோய் வெச்சிருவாங்களாம்.

சின்ன வயசுல இதைக் கேட்டு நான் அழுதிருக்கேன். "ஆச்சி, உன்னையும் வெச்சிருவாங்களா?"ன்னு கேட்பேன். "எய்யா, நான் சுருங்குனா நீ பள்ளிக்கூடப் பையில போட்டுக் கூட்டிட்டுப் போயிரு"ன்னு சிரிப்பா.

அப்புறம் நான் இன்ஜினியரிங் சேர்ந்தேன். முதல் வருஷ லீவுல வந்திருந்தப்போ, பக்கத்து வீட்டுப் பிள்ளைகளுக்கு ஆச்சி இதே கதையைச் சொல்லிட்டு இருந்தா. நான் நடுவுல புகுந்து, "மனுஷன் சுருங்க மாட்டான் ஆச்சி. எலும்புன்னு ஒண்ணு இருக்கு. சும்மா பிள்ளைகளுக்குப் பொய் சொல்லாத"ன்னு எல்லார் முன்னாடியும் சொல்லிட்டேன். ஆச்சி ஒண்ணும் சொல்லலை. "படிச்சவன் சொன்னா சரிதான்"ன்னு எந்திரிச்சு உள்ள போயிட்டா. அதுக்கப்புறம் அவ எனக்குக் கதையே சொன்னதில்லை.

இப்போ என்னைப் பாருங்க. ஆச்சி சொன்னதைப் பொய்னு வெட்டினவன், யாருன்னே தெரியாத ஒருத்தன் எழுதின 20,000 வருஷத்தைக் கேள்வியே கேட்காம மூணு குரூப்புக்கு அனுப்பியிருக்கேன். இது பகுத்தறிவா, பக்தியா? ரெண்டும் கிடையாது. வெறும் சோம்பேறித்தனம்.

தாழிக்குள்ள என்ன இருந்துச்சு?

அந்த வெட்கத்துலதான் படிக்க ஆரம்பிச்சேன்.

ஆதிச்சநல்லூர்ல முதல்ல தோண்டினவர் ஜெர்மனியைச் சேர்ந்த ஜாகோர், 1876ல. அப்புறம் அலெக்சாண்டர் ரீ 1899ல இருந்து 1905 வரைக்கும் அகழாய்வு செஞ்சார். அதுக்குப் பிறகு நூறு வருஷம் கழிச்சு, 2004ல, இந்தியத் தொல்லியல் துறையில இருந்த டி. சத்தியமூர்த்தி தலைமையில மறுபடியும் தோண்டினாங்க. 160க்கும் மேல தாழிகள் வெளியே வந்துச்சு. அங்க எடுத்த ரெண்டு மாதிரிகளைப் பரிசோதிச்சப்போ கி.மு. 905, கி.மு. 696ன்னு காலம் வந்ததா 2019ல வெளியாச்சு. 20,000 கிடையாது. ஆனா யோசிச்சுப் பாருங்க, கிட்டத்தட்ட 2,900 வருஷம்! அது நமக்குப் போதாதா?

தாழிக்குள்ள இருந்தது செத்தவங்களோட எலும்புகள். சில தாழிகள்ல உடலை மடக்கி வெச்சிருக்காங்க. சிலதுல, வெளியே கிடந்து சதை போன பிறகு எலும்புகளை மட்டும் பொறுக்கி வெச்சிருக்காங்க. வயசானவங்களுக்கு மட்டும்தான் தாழின்னும் இல்லை. கீழடி பக்கத்துல கொந்தகை ஈமக்காட்டுல 2020ல ஒரு குழந்தையோட எலும்புக்கூடே கிடைச்சது. ஆக, சுருங்கிப்போன கிழவன் கிழவியை உயிரோட வெச்சாங்கன்னு சொல்றதுக்கு மண்ணுல சாட்சி இல்லை.

இலக்கியத்துலயும் இல்லை. புறநானூறு 256ஆம் பாட்டுல ஒரு பெண், செத்துப்போன கணவனுக்குத் தாழி செய்யற குயவர்கிட்ட, தனக்கும் சேர்த்து இடம் இருக்கிற மாதிரி அகலமா செய்யச் சொல்லிக் கேட்கிறா. தாழின்னா அது செத்தவங்களுக்குன்னுதான் அந்தப் பாட்டும் காட்டுது.

அப்போ முதல் வருஷம் படிச்சப்போ நான் சொன்னது சரிதானா? ஒரு பாதி சரி. ஆனா ரீயோட அகழாய்வுல தாழிகளுக்குள்ள இன்னும் என்னென்ன கிடைச்சதுன்னு படிச்சப்போ கை நின்னுபோச்சு. சின்னச் சின்னக் கலயங்கள். நெல் உமி, தினை உமி. இரும்புக் கருவிகள். ஆச்சி சொன்ன சின்னக் கலயமும் தானியமும் அப்படியே இருக்கு!

இது எப்படி? ரெண்டு விதமா யோசிக்கலாம். ஒண்ணு, முன்னோர்கள் செஞ்ச சடங்கோட ஞாபகம் வாய்வழியா வந்திருக்கலாம். இன்னொண்ணு, பின்னாடி வந்தவங்க உழும்போதும், மழை அரிக்கும்போதும் தாழி உடைஞ்சு உள்ள இருக்கிறதைப் பார்த்திருப்பாங்க. ஒரு முழு மனுஷன் எப்படிப் பானைக்குள்ள போனான், சோத்துக் கலயம் எதுக்குன்னு யோசிச்சிருப்பாங்க. செத்தவனுக்குச் சோறு எதுக்கு? அப்போ உயிரோட இருந்திருக்கணும். பானைக்குள்ள பத்தணும்னா? சுருங்கியிருக்கணும். கதை வந்துருச்சு.

எனக்கு ரெண்டாவதுதான் அதிகம் பொருந்துறதா படுது. அப்படியே இருந்தாலும் அந்தக் கதையைப் பொய்னு தூக்கிப் போட மனசு வரலை. உடைஞ்ச தாழியைப் பார்த்த ஒரு உழவன், ‘யாரோ பேய் பிசாசு’ன்னு ஓடாம, ‘இது நம்மளை மாதிரி ஒரு மனுஷன், இவனைப் பிரியமா அனுப்பியிருக்காங்க’ன்னு புரிஞ்சுக்கிட்டிருக்கான். கலயத்தையும் உமியையும் பார்த்து அன்புன்னு சரியா வாசிச்சிருக்கான். அவன் தப்பா சொன்னது சுருங்கினதை மட்டும்தான்.

கதையே உயிரைக் காப்பாத்தின இடம்

எல்லாக் கதையும் இப்படிப் பின்னாடி கட்டினதுதானான்னு கேட்டா, அப்படியும் இல்லை.

2004 டிசம்பர் 26. சுனாமி. நம்மள்ல பலர் அப்போ ஸ்கூல் பசங்க. அந்தப் பூகம்பம் வந்த இடத்துக்கு ரொம்பப் பக்கத்துல, சுமத்ராவுக்கு மேற்கே சிமெலுவேன்னு ஒரு தீவு இருக்கு. அலை சில நிமிஷத்துல அங்க போயிருச்சு. அந்தத் தீவுல அப்போ சுமார் 78,000 பேர். இறந்தவங்க 7 பேர்னு பதிவாகியிருக்கு. எதிர்ல இருக்கிற ஆச்சே கரையில லட்சத்துக்கும் மேல செத்தாங்க.

சிமெலுவேகாரங்ககிட்ட சைரன் கிடையாது, செயலி கிடையாது. ‘ஸ்மோங்’னு ஒரு சொல் இருந்துச்சு. 1907ல அந்தத் தீவை ஒரு பேரலை அழிச்சிருக்கு. தப்பிச்சவங்க தங்களோட பிள்ளைகளுக்கும் பேரப்பிள்ளைகளுக்கும் பாட்டாவும் கதையாவும் சொல்லியிருக்காங்க: பூமி பலமா ஆடி, கடல் உள்வாங்கினா, எதையும் எடுக்காம மலைக்கு ஓடு. 97 வருஷம் கழிச்சு பூமி ஆடினப்போ யாரோ ‘ஸ்மோங்’னு கத்தினாங்க. ஊரே ஓடிருச்சு.

அங்க ஒரு பேராண்டி, "சும்மா கதை விடாத பாட்டி"ன்னு எல்லார் முன்னாடியும் சொல்லி, அந்தப் பாட்டி அதோட பேசாம இருந்திருந்தா? இந்த இடத்தைப் படிச்சப்போ என் ஆச்சி முகம்தான் வந்துச்சு.

ஆனா இதுலயும் கதைக்கு ஒரு எல்லை இருக்கு. அதே ஆச்சே கரையில ஒரு குகை. ஒவ்வொரு சுனாமியும் கொண்டுவந்து போட்ட கடல் மணல் அடுக்கு அடுக்கா, நடுவுல வௌவால் எச்சத்தோட, அப்படியே இருக்கு. அதை ஆராய்ஞ்சவங்க, சுமார் 7,400 வருஷத்துல இருந்து 2,900 வருஷத்துக்கு முன்னாடி வரைக்குமான காலத்துல மட்டும் குறைஞ்சது 11 சுனாமி வந்திருக்கிறதா சொன்னாங்க. எந்தப் பாட்டிக்கும் அந்தக் கணக்கு தெரியாது. அந்த மணலுக்கு ‘ஓடு’ன்னு சொல்லத் தெரியாது. எத்தனை தடவை, எப்போன்னு மண் சொல்லும். வந்தா என்ன செய்யணும்னு பாட்டி சொல்லுவா.

அதே அலை நமக்குக் காட்டினது

இப்போ நம்ம கரைக்கு வரலாம். அதே நாள், அதே சுனாமி, மாமல்லபுரம்.

மாமல்லபுரத்தைப் பழைய ஐரோப்பிய மாலுமிகள் ‘ஏழு கோயில்’னுதான் கூப்பிட்டாங்க. கரையில நிக்கிறது ஒண்ணு, மீதி ஆறும் கடலுக்குள்ள போயிருச்சுங்கிறது ஊர்க் கதை. அந்த நகரத்தோட அழகைப் பார்த்துப் பொறாமைப்பட்ட இந்திரன் கடலை ஏவிவிட்டான்னு சொல்லுவாங்க. 18ஆம் நூற்றாண்டுல வந்த வில்லியம் சேம்பர்ஸ்ங்கிற ஆங்கிலேயர் இந்தக் கதைகளைக் கேட்டு எழுதி வெச்சார். தண்ணிக்கு மேல செம்புக் கலசங்கள் வெயில்ல மின்னினதைப் பார்த்ததா வயசானவங்க சொன்னதையும் எழுதினார். ரொம்ப காலம் படிச்சவங்க இதைக் கட்டுக்கதைன்னு ஒதுக்கினாங்க.

2002ல கோவாவுல இருக்கிற தேசியக் கடலியல் நிறுவனமும் ஒரு பிரிட்டன் குழுவும் கடலுக்குள்ள இறங்கிப் பார்த்தாங்க. 5 முதல் 8 மீட்டர் ஆழத்துல சுவர்கள், செதுக்கின கற்கள் தெரிஞ்சது. ஆறு கோயிலான்னு கேட்டா, அப்படி உறுதியா சொல்ல முடியாது. ஆனா ‘கடலுக்குள்ள ஒண்ணும் இல்லை’ன்னு சொன்னதும் தப்பாயிருச்சு.

2004ல சுனாமி வந்து மணலை வாரிக்கிட்டுப் போச்சு. மாமல்லபுரத்துக்கு வடக்கே, புலிக்குகைக்குப் பக்கத்துல சாளுவன்குப்பத்துல ஒரு பாறையில கல்வெட்டு வெளியே தெரிஞ்சது. ராஷ்டிரகூட மன்னன் மூன்றாம் கிருஷ்ணன் காலத்துல ஒரு கோயிலுக்கு அணையா விளக்கு எரிக்கக் கொடுத்த தானம். அப்படின்னா அந்தக் கோயில் எங்கே? 2005ல தோண்டினாங்க. ஆதிச்சநல்லூர்ல தோண்டின அதே சத்தியமூர்த்தி குழுதான். மணலுக்கு அடியில முருகன் கோயில்!

மேல பல்லவர் காலக் கருங்கல் கட்டடம். அதுக்குக் கீழே இன்னும் பழைய செங்கல் கோயில். வடக்கு பார்த்த சந்நிதி. எதிர்ல கல்லால ஆன வேல். குரவைக் கூத்து ஆடறவங்க உருவம் இருக்கிற ஒரு சுடுமண் பலகையும் கிடைச்சது. கடல் கொண்டுவந்து போட்ட மணல், சிப்பிப் படிவுகளைப் பார்த்து, பழைய கோயிலைப் பேரலைதான் அழிச்சிருக்கணும்னு அகழ்ந்தவங்க கருதினாங்க. செங்கல் கோயில் சங்க காலம்னு அவங்க சொன்னாங்க. அறிஞர்கள் எல்லாரும் அதை ஏத்துக்கலை. நாமளும் அதை அப்படியே சொல்லணும்: ‘சங்க காலம்னு தோண்டினவங்க சொல்றாங்க, மறுக்கிறவங்களும் இருக்காங்க.’ இப்படிச் சொல்றதால கந்தனுக்கு ஒரு குறையும் வராது.

நான் அங்க போயிருக்கேன். கடல் சத்தம், சவுக்குக் காத்து, தரைக்குக் கீழே அந்தச் செங்கல் வரிசை. உயிரைக் குடிச்ச ஒரு அலை, போகும்போது அவனோட வீட்டைக் காட்டிட்டுப் போயிருக்கு. இதை அருள்னு சொல்ல எனக்கு வாய் வரலை, ஏன்னா அதே அலையில எத்தனையோ குடும்பம் போச்சு. கொஞ்ச நேரம் சும்மா நின்னுட்டு வந்தேன்.

பேரைக் கல் வெச்சிருந்துச்சு, பூவை ஊர் வெச்சிருந்துச்சு

இன்னொரு ஊர்க் கதை. திருவண்ணாமலை, செங்கம், தர்மபுரி பக்கம் வேடியப்பன் கோயில்கள் நிறைய. மரத்தடியில ஒரு கல். அதுல வில்லோடோ கத்தியோடோ ஒரு வீரன். ஊர்க்காரங்க பொங்கல் வெச்சுக் கும்பிடுவாங்க. யாரு இவர்னு கேட்டா, "எங்க சாமி, காவல் தெய்வம்"னு சொல்லுவாங்க.

கல்வெட்டு ஆய்வாளர்கள் அந்தக் கற்கள்ல இருந்த எழுத்தை வாசிச்சாங்க. பலதும் பல்லவர் கால நடுகற்கள். மாடுகளை மீட்கப் போய்ச் செத்த சாதாரண மனுஷங்க. எடுத்தனூர்ங்கிற ஊர்ல மகேந்திரவர்மன் காலத்துக் கல்லுல, செத்த வீரனோட பக்கத்துல ஒரு நாயும் நிக்குது. அதோட பேர் கோவிவன். ரெண்டு திருடனைக் கடிச்சுக் காவல் காத்துச்சுன்னு எழுதி வெச்சிருக்காங்க. 1,400 வருஷமா ஒரு நாயோட பேர் கல்லுல இருக்கு!

2006ல தேனி மாவட்டம் புலிமான்கோம்பையில கிடைச்ச நடுகற்கள் இன்னும் பழசு, தமிழி எழுத்துல இருக்கு. கூடலூர்ல நடந்த ஆநிரைச் சண்டையில செத்த அந்தவன்ங்கிற ஒருத்தன் பேர் அதுல ஒண்ணுல இருக்கு.

செங்கம் பக்கத்து மக்களுக்கு எழுத்து மறந்துபோச்சு, பேர் மறந்துபோச்சு. ஆனா ‘இவன் நமக்காகச் செத்தவன், நம்மளைக் காக்கிறவன்’ங்கிறது மறக்கலை. ஆய்வாளர் வந்து பேரைத் திருப்பிக் கொடுத்தார். ஆனா அந்தக் கல்லை யாரும் துணி துவைக்கப் போடாம, படிக்கட்டுக்கு உடைக்காம இருந்ததுக்குக் காரணம் வருஷா வருஷம் வெச்ச பொங்கல்தான். அந்தப் பொங்கல் இல்லைன்னா வாசிக்கிறதுக்குக் கல்லே இருந்திருக்காது.

என் வேலையில இருந்து ஒரு உதாரணம்

சாஃப்ட்வேர்ல இருக்கிறவங்களுக்கு இது பழக்கமான விஷயம். கஸ்டமர் போன் பண்ணி, "நேத்து சாயங்காலம் மழை பெஞ்சப்போ உங்க ஆப் செத்துப்போச்சு"ன்னு சொல்லுவார். மழைக்கும் ஆப்புக்கும் சம்பந்தம் இல்லைன்னு சிரிச்சுட்டு டிக்கெட்டை மூடினா, நான் மோசமான இன்ஜினியர். அவர் சொன்னதை அப்படியே நம்பி ‘மழையால் கோளாறு’ன்னு எழுதினா, அதைவிட மோசம். லாக் எடுத்துப் பார்க்கணும். 6 மணி 12 நிமிஷத்துக்கு நெட்வொர்க் போயிருக்கும். மழையில டவர் போயிருக்கும். அவர் பார்த்தது உண்மை, காரணம் சொன்னதுதான் வேற.

லாக் மட்டும் இருந்தாலும் பத்தாது. எதைத் தேடணும்னு அவர் சொன்னதாலதான் எனக்குத் தெரிஞ்சது. தொல்லியல் நம்ம முன்னோர்களோட லாக். நாட்டார் கதை அவங்களோட குரல்.

குரலை நம்பி அவசரப்பட்டா என்ன ஆகும்னு ட்ராய் நகரக் கதை சொல்லும். ஹோமர் பாடின ட்ராய் நிஜம்னு நம்பி, துருக்கியில ஹிசார்லிக் மேட்டை ஷ்லீமன் 1870கள்ல தோண்டினார். இடம் சரி. கதை அவரைச் சரியான இடத்துக்குக் கொண்டுபோச்சு. ஆனா அவசரத்துல மேல் அடுக்குகளை வெட்டி எறிஞ்சுட்டுக் கீழே போனார். 1873ல தங்கம் கிடைச்சதும் ‘இது பிரியம் மன்னன் புதையல்’னு அறிவிச்சார். அது அந்தப் போர் நடந்ததா சொல்ற காலத்துக்கு ஆயிரம் வருஷத்துக்கும் மேல பழசுன்னு பின்னாடி தெரிஞ்சது. அவர் தேடின காலத்து மண்ணுல நிறையத்தை அவரே அழிச்சுட்டார். ஆசையில தோண்டினார், அவ்வளவுதான்.

என் ஃபார்வர்டுக்குத் திரும்ப வர்றேன்

ஆதிச்சநல்லூர்ல வேல் மாதிரி இரும்பு ஈட்டிகள் கிடைச்சது உண்மை. வெண்கலத்துல சேவல் உருவம் கிடைச்சது உண்மை. தங்கத் தகடுகள் கிடைச்சதும் உண்மை. காவடி எடுக்கிற முருக பக்தர்கள் வாயில கட்டிக்கிறதோட அந்தத் தகடுகளை ஒப்பிட்டு எழுதினவர் வேற யாரும் இல்லை, வரலாற்று அறிஞர் நீலகண்ட சாஸ்திரி. ஆக, யோசனை அபத்தமானது இல்லை.

ஆனா ஈட்டி சண்டைக்கும் வேட்டைக்கும்கூட. சேவலை வீட்டுல எல்லாரும் வளர்த்திருப்பாங்க. செத்தவங்க நெத்தியிலும் வாயிலும் தங்கத் தகடு வைக்கிற வழக்கம் முருகனைத் தெரியாத வேற நாடுகள்லயும் இருந்திருக்கு. ‘இருக்கலாம்’ங்கிறது ஒரு சொல். ‘இருந்துச்சு, 20,000 வருஷம், விஞ்ஞானிகள் அதிர்ச்சி’ங்கிறது வேற. முதல்ல சொன்னதுல அறிஞரோட நேர்மை இருக்கு. ரெண்டாவதுல என்னோட பெருமை மட்டும்தான் இருக்கு.

இங்கதான் எனக்கு இது வெறும் வரலாற்றுக் கேள்வியா இல்லாம, தர்மக் கேள்வியா ஆயிருச்சு. தாழிக்குள்ள இருக்கிறவங்களால எந்திரிச்சு வந்து, "நாங்க அப்படி இல்லைப்பா"ன்னு சொல்ல முடியாது. உயிரோட இருக்கிற ஒருத்தர் சொல்லாததைச் சொன்னதா போட்டா அதை அவதூறுன்னு சொல்றோம். செத்தவங்க விஷயத்துல மட்டும் அது எப்படிப் பக்தியாகும்? அவங்களுக்கு அவங்களோட பசி, பயம், சாமி எல்லாம் இருந்திருக்கும். நம்ம பெருமைக்குச் சாட்சி சொல்றதுக்காக அவங்க வாழலை.

அதே நியாயம் ஆச்சிக்கும் உண்டு. அவ சொன்னதுல ஒரு வரி தப்புங்கிறதுக்காக முழுசையும் பொய்னு சொன்னதும் அநியாயம்தான். பொய்ங்கிறது ஏமாத்தணும்னு சொல்றது. ஆச்சி யாரையும் ஏமாத்தலை. தனக்குக் கிடைச்சதைச் சிந்தாமக் கொண்டுவந்து கொடுத்தா.

"அப்போ கதை தப்புன்னு ஆனா நம்பிக்கை போயிராதா?"ன்னு சிலர் கேட்பீங்க. எனக்கு அப்படி ஆகலை. நான் செந்தூர்ல கண்ணை மூடி நிக்கும்போது கார்பன் தேதி என் மனசுல ஓடுறதில்லை. 2,900 வருஷம்னாலும் 20,000 வருஷம்னாலும் அந்த நேரத்து அமைதி ஒண்ணுதான். ஆனா அவன் பேரைச் சொல்லிப் பொய்யைப் பரப்பினேன்ங்கிற உறுத்தல் இருந்தா, அந்த அமைதி வர்றதில்லை. இது நான் பட்ட அனுபவம்.

என்ன செஞ்சேன்

முதல்ல அந்த மூணு குரூப்லயும், ‘நான் அனுப்பினது தப்பு, 20,000 வருஷம்ங்கிறதுக்கு ஆதாரம் இல்லை, மன்னிக்கணும்’னு போட்டேன். ரெண்டு பேர் கோவிச்சுக்கிட்டாங்க. ஒரு மாமா, "நீயும் நாத்திகன் ஆயிட்டியா?"ன்னு கேட்டார். தம்பிக்குத் தனியா போன் பண்ணி, மேல எழுதினதை எல்லாம் சொன்னேன். "ஆச்சி கதை ஃபார்வர்டு இல்லைடா. ஃபார்வர்டுக்கு யார் எழுதினதுன்னே தெரியாது. இதுக்கு ஆச்சி இருக்கா"ன்னேன்.

அப்புறம் ஊருக்குப் போனேன். ஆச்சிக்கு இப்போ எண்பது தாண்டியாச்சு. சில நாள் என்னை அப்பா பேர் சொல்லித்தான் கூப்பிடுறா. பக்கத்துல உக்காந்து, போன்ல ரெக்கார்டர் ஆன் பண்ணி வெச்சு, "ஆச்சி, அந்தத் தாழிக் கதையைச் சொல்லு"ன்னேன்.

"நீதான் பொய்னியே" ன்னா. பத்து வருஷமா மறக்கலை பாருங்க.

"தப்பா சொல்லிட்டேன் ஆச்சி. தாழிக்குள்ள கலயமும் தானியமும் நெசமாவே இருந்திருக்கு."

ஆச்சி கொஞ்ச நேரம் என்னையே பார்த்தா. "இருக்காமலா? எங்க அம்மை சொன்னா. அவளுக்கு அவ அம்மை சொன்னா" ன்னுட்டு ஆரம்பிச்சா. பாதியில நிறுத்தி, ஊர் மாறி, ஆள் மாறி, வேற எங்கேயோ போனா. நான் குறுக்கே பேசலை. 42 நிமிஷம் ரெக்கார்டு ஆகியிருக்கு. அதுல முன்னாடி நான் கேட்டே இராத ரெண்டு கதை இருக்கு. அது என்ன, எதோட பொருந்தும்னு தெரியலை. இப்போதைக்கு அப்படியே வெச்சிருக்கேன்.

உங்க வீட்டுலயும் ஒரு ஆச்சி, அப்பத்தா, தாத்தா இருந்தா இந்த வாரம் ஒரு அரை மணி நேரம் உக்காருங்க. யார் சொன்னாங்க, எந்த ஊர்னு கேட்டுக் குறிச்சு வைங்க. நீங்க திருத்த வேண்டாம், அவங்க சொன்ன மாதிரியே இருக்கட்டும். வயக்காட்டுல பழைய ஓடோ, கல்லோ, எழுத்தோ கண்ணுல பட்டா வீட்டுக்குத் தூக்கிட்டு வராதீங்க. அது இருந்த இடத்துல இருந்தாதான் பேசும். போட்டோ எடுத்து, கிராம நிர்வாக அலுவலருக்கோ தொல்லியல் துறைக்கோ சொல்லுங்க. அப்புறம், சிலிர்க்க வைக்கிற ஃபார்வர்டு வந்தா, அனுப்புறதுக்கு முன்னாடி ஒரு தடவை தேடிப் பாருங்க. இந்தப் பதிவையும் சேர்த்துத்தான் சொல்றேன்.

வர்ற தைப்பூசத்துக்கும் தம்பியோட நடக்கிறேன். பரம்பு பக்கத்துல அதே மரத்தடியில உக்காந்து ஆச்சியோட ரெக்கார்டிங்கைப் போட்டுக் கேட்கலாம்னு பேசி வெச்சிருக்கோம்.

வேலும் மயிலும் துணை. முருகா சரணம்.